பல மரம் கண்டவர், பல மரமும் வெட்டியவர்

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, மணி ஒன்பதைத் தாண்டியும் நாற்காலியை விட்டு எழாமல் இருக்கிற அவையோரே, வணக்கம்.

தலைப்பை இன்னொரு தடவை சொல்லிவிடுகிறேன். எனக்கு முன்னால் பேசிய எதிரணித் தலைவர் அதைப் பாதி வழியிலேயே இறக்கிவிட்டுப் போய்விட்டார். ‘திரைத்துறையில் ஒரு பெண்ணை நிலைநிறுத்துவது ஒரே தொழிலின் ஆழமா, பல தொழிலின் அகலமா?’ இதுதான் தலைப்பு. யார் பெரியவர், யார் சிறியவர் என்று கேட்கவில்லை. எது நிலைநிறுத்துகிறது என்றுதான் கேட்டிருக்கிறார்கள். எதிரணி ஆழத்தின் பக்கம், நாங்கள் அகலத்தின் பக்கம்.

அவர் ஒரு பழமொழியோடு வந்தார். பல மரம் கண்ட தச்சன் ஒரு மரமும் வெட்டான். அதற்கு மூன்று சான்று வைத்தார். பாட்டு ஒன்றையே பிடித்துக்கொண்ட பி. சுசீலா, 17,695 பாடல்கள் என்று கின்னஸ் பதிவே வைத்திருக்கிறார் என்றார். நடிப்போடு நிற்காமல் இயக்கத்துக்கும் தயாரிப்புக்கும் போன சாவித்திரி நஷ்டப்பட்டார் என்றார். நாலும் தெரிந்த மிடுக்கில் ‘மிஸ்ஸம்மா’ பட வாய்ப்பைக் கைநழுவ விட்டார் பானுமதி என்றார். கை தட்டலும் வாங்கிக்கொண்டார். எனக்கு அதில் வருத்தமில்லை. மூன்றாவது சான்றாக அவர் கொண்டுவந்து நிறுத்தியது எங்கள் அணியின் சாட்சியை. அந்த அம்மாவை நான் இப்போது எங்கள் பக்கம் கூட்டிக்கொண்டு வந்துவிடுகிறேன்.

பி. பானுமதி. 1925 செப்டம்பர் 7, ஒங்கோல் பக்கம் தொட்டாவரம் என்கிற ஊரில் பிறப்பு. 1939-இல் ‘வர விக்ரயம்’ தெலுங்குப் படத்தில் அறிமுகமாகும்போது வயது 13. 1992-இல் ‘செம்பருத்தி’யில் பாட்டியாக வந்து நிற்கிறார். கணக்குப் போட்டால் 53 ஆண்டு. இடையில் நடிகை, பாடகி, தயாரிப்பாளர், ஸ்டுடியோ முதலாளி, இயக்குநர், இசையமைப்பாளர், எழுத்தாளர், அரசு இசைக் கல்லூரியின் முதல்வர். இத்தனை பட்டத்தையும் விசிட்டிங் கார்டில் போட்டால் மடித்துத்தான் பையில் வைக்க முடியும்.

பட்டியல் படிப்பது என் நோக்கம் இல்லை நடுவர் அவர்களே. பட்டியலை யாரும் படிக்கலாம். ஒரு தொழில் இன்னொரு தொழிலுக்கு எப்படிச் சாவி கொடுத்தது என்பதைத்தான் காட்டப்போகிறேன்.

முதலில் பாட்டு. அப்பா வெங்கடசுப்பையா சங்கீதம் சொல்லிக்கொடுத்து வளர்த்தார். இவர் நடிக்க வந்தபோது நடிகை பாடத்தான் வேண்டும். வேறு வழி கிடையாது. பிறகு பின்னணிப் பாட்டு வந்தது. பாடத் தெரியாதவர்களும் வாயசைத்தால் போதும் என்று ஆனது. பாடத் தெரிந்த பல பேரும்கூட வாயசைப்புக்கு மாறிக்கொண்டார்கள். இவர் மாறவில்லை. தன் வேடத்துக்குத் தானே பாடினார். இதை வறட்டுப் பிடிவாதம் என்பார்கள். தொழில் கணக்கு போட்டுப் பார்த்தால் வேறு மாதிரி தெரியும்.

35 மில்லிமீட்டர் ஃபிலிமில் ஓர் அடிக்கு 16 ஃபிரேம். விநாடிக்கு 24 ஃபிரேம் ஓடினால் நிமிடத்துக்கு 90 அடி. மூன்றரை நிமிடப் பாட்டு 315 அடி. அதைத் துண்டு துண்டாக எடுக்கும்போது ஒவ்வொரு துண்டுக்கும் முன்னும் பின்னும் கொஞ்சம் மிச்சம் விட்டு எடுக்க வேண்டும். படப்பிடிப்பில் பாட்டை ஒலிக்கவிட்டு, நடிகை அதற்கு வாயசைக்கிறார். எங்கே கெடும்? வார்த்தையில் அநேகமாகக் கெடாது. மூச்சில் கெடும். பாடகி ஓர் இடத்தில் மூச்செடுத்து அடுத்த சங்கதியைப் பிடித்திருப்பார். நடிகை அங்கே வாயை மூடிக்கொண்டு நிற்பார். நீட்டி நிறுத்தின கார்வை முடிவதற்கு அரை விநாடி முன்பே உதடு ஒட்டிவிடும். அரை விநாடி என்றால் 12 ஃபிரேம். திரையில் 12 ஃபிரேம் பிசகினால் கடைசி வரிசையில் கடலை கொறிப்பவனுக்குக்கூடத் தெரியும். என்.ஜி., அதாவது ‘நோ குட்’, என்று இன்னொரு டேக். ஃபிலிம் போச்சு, விளக்கு எரிந்தது போச்சு, நேரம் போச்சு.

தானே பாடினவருக்கு இந்தத் தொல்லை பெரும்பாலும் இல்லை. மூச்சு எங்கே எடுத்தோம் என்று தொண்டைக்கே ஞாபகம் இருக்கும். கழுத்து நரம்பு சரியான இடத்தில் புடைக்கும். ‘கள்வனின் காதலி’யில் கண்டசாலாவோடு பாடிய ‘வெயிற்கேற்ற நிழலுண்டு’ பாட்டைப் போட்டுப் பாருங்கள். ‘அன்னை’யில் ‘பூவாகிக் காயாகி’ போட்டுப் பாருங்கள். அங்கே வாயசைப்பு என்ற வேலையே நடக்காத மாதிரி இருக்கும். ஆக, பாட்டு என்கிற இரண்டாவது தொழில் நடிப்பு என்கிற முதல் தொழிலைக் கெடுத்ததா, தூக்கி நிறுத்தியதா? அதோடு ஒரு தயாரிப்பாளர் இவரை ஒப்பந்தம் செய்யும்போது நடிகையும் பாடகியும் சேர்ந்தே வந்தார்கள். அந்த நாற்காலியில் இன்னொருவரைப் பாதியாக உட்கார வைக்க முடியாது. பேரம் பேசும் பலம் அங்கேயே பிறந்துவிட்டது.

அடுத்தது 1949. எதிரணி நண்பர்கள் இந்த ஆண்டைக் கொஞ்சம் குறித்துக்கொண்டால் நல்லது. ஜெமினியின் ‘அபூர்வ சகோதரர்கள்’ வந்தது. எம். கே. ராதாவுக்கு இரட்டை வேடம், பானுமதி கதாநாயகி. அதே கதையைத் தெலுங்கிலும் எடுத்தார்கள். இந்தியில் ரஞ்சனை வைத்து ‘நிஷான்’ என்று எடுத்தார்கள். நாயகன் மாறினார். நாயகி மூன்றிலும் பானுமதியேதான். அதாவது இரட்டை வேடப் படம் ஒன்றை மூன்று மொழியில் எப்படி எடுப்பது என்பதை, கேமராவுக்கு முன்னால் நின்றபடி, மூன்று தடவை பார்த்த ஆள் அவர்.

நாலு வருஷம் கழித்து, 1953-இல், ‘சண்டிராணி’. அவருடைய சொந்தக் கம்பெனி பரணி பிக்சர்ஸ். மூன்று மொழி: தமிழ், தெலுங்கு, இந்தி. இரட்டை வேடம்: அரண்மனையில் வளரும் சம்பா, காட்டில் வளரும் சண்டி, இரண்டு பேரும் பானுமதி. நாயகன் என். டி. ராமராவ். இயக்கம் யார்? பானுமதி. படம் வந்தபோது 28 வயது நிரம்பவில்லை.

பல மரம் கண்ட தச்சன் கதை சொன்னாரே எங்கள் அண்ணன், இந்த மரத்தை எப்படி வெட்டினார்கள் என்று கொஞ்சம் கிட்டே போய்ப் பார்ப்போம். அந்தக் காலத்தில் இரட்டை வேடக் காட்சிக்கு இருந்த வழி மாஸ்க் ஷாட். கேமராவைக் கெட்டியாக ஓரிடத்தில் நிறுத்தி, காலுக்கு மணல் மூட்டை போட்டு, யாரும் தொடக்கூடாது என்று ஆளைக் காவலுக்கு வைப்பார்கள். லென்ஸுக்கு முன்னால் பாதியை மறைக்கிற தகடு. திறந்திருக்கிற பாதியில் முதலில் சம்பா வந்து நடித்துவிட்டுப் போவார். பிறகு வெளிச்சம் படாமல் லென்ஸை மூடி, ஃபிலிமைத் தொடங்கிய ஃபிரேம் வரைக்கும் பின்னால் சுற்றுவார்கள். தகட்டை மாற்றி மறுபாதியைத் திறப்பார்கள். இப்போது அதே ஃபிலிமில் சண்டி வந்து நடிப்பார். கழுவினால் இரண்டு பேரும் பக்கத்தில் பக்கத்தில் நிற்பார்கள்.

சொல்லும்போது சுலபம். கெடுகிற வழிகள் எத்தனை தெரியுமா? இடையில் ஒப்பனையும் உடையும் மாற்ற நேரம் ஆகும். அந்த நேரத்தில் கரண்ட் கொஞ்சம் ஏறி இறங்கினாலும் விளக்கின் வெளிச்சம் மாறி, ஒரு பாதி வெளுத்தும் ஒரு பாதி மங்கியும் போகும். நடுவில் கோடு தெரியும். அதனால்தான் அந்தக் கோட்டை ஒரு தூண், ஒரு திரைச்சீலை ஓரம், ஒரு கதவு நிலை, இப்படி எதிலாவது ஒட்டவைப்பார்கள். நடிப்பவர் கை கோட்டைத் தாண்டினால் விரல் வெட்டுப்பட்டுப் போகும். நிழல் தாண்டினாலும் அதே கதிதான். ஃபிலிமைச் சுற்றும்போது சில ஃபிரேம் பிசகினால் கேள்விக்கு முன்னாலேயே பதில் வந்துவிடும்.

இதிலே கொடுமை எது என்றால், இரண்டாவது பாதியில் தவறு வந்தால் முதல் பாதியும் சேர்ந்து செத்துப்போகும். சம்பா பிரமாதமாக நடித்திருப்பார். சண்டி ஒரு சொல் தடுக்கினால், சம்பாவும் போனார். இரண்டும் ஒரே ஃபிலிம் துண்டு. திரும்ப முதலிலிருந்து ஒப்பனை, முதலிலிருந்து நடிப்பு. ஒரு காட்சிக்கு, எந்தத் தவறும் இல்லாமல் போனால்கூட, மொழிக்கு இரண்டு நடிப்பு, மூன்று மொழிக்கு ஆறு நடிப்பு. எதிரே ஆள் கிடையாது. வெறும் சுவரைப் பார்த்து, தன் கண் உயரத்துக்கு வைத்த ஒரு குறியைப் பார்த்துப் பேச வேண்டும். இன்னும் பேசாத தங்கைக்கு எத்தனை விநாடி இடைவெளி விட வேண்டும் என்று முன்கூட்டியே மனத்தில் எண்ணி விட வேண்டும். சங்கீதம் படித்தவருக்கு இது தாளக் கணக்கு. இடம் விட்டு எடுப்பது அவருக்குப் புதிதா? வெறும் நடிப்பு மட்டும் தெரிந்தவருக்கு இது பெரும்பாடு.

இதற்கு மேலே இயக்குநர் வேலை. இன்றைக்கு இயக்குநருக்கு மானிட்டர் இருக்கிறது. நடித்துவிட்டு ஓடிப்போய்த் திரையில் பார்த்துக்கொள்ளலாம். அன்று கிடையாது. எடுத்தது என்ன ஆயிற்று என்று லேபில் கழுவி ரஷ், அதாவது வெட்டி ஒட்டாத முதல் பிரதி, போட்டுப் பார்த்தால்தான் தெரியும். தான் நடிக்கிற ஷாட் சரியா தப்பா என்று, ஃபிரேமுக்குள் நின்றுகொண்டே, உடம்பாலேயே தீர்ப்புச் சொல்ல வேண்டும். கேமராவும் தெரியாமல், எடிட்டிங்கும் தெரியாமல், பாட்டும் தெரியாமல் இதைச் செய்ய முடியுமா என்று எதிரணியில் அடுத்து வருகிறவர் சொல்லட்டும்.

மூன்று மொழி விஷயம் இன்னும் மிச்சமிருக்கிறது. அதை எடுக்க இரண்டு வழி உண்டு. ஒன்று, விளக்கு ஒரு தடவை வைத்தால் அந்த ஷாட்டை மூன்று மொழியிலும் வரிசையாக எடுத்துவிட்டுத்தான் கேமராவை நகர்த்துவது. விளக்கு வைக்கிற நேரம் மிச்சம். ஆனால் நடிப்பவர் பத்து நிமிடத்துக்கு ஒரு தடவை நாக்கை மாற்ற வேண்டும். இன்னொன்று, காட்சி முழுவதையும் ஒரு மொழியில் முடித்துவிட்டு அடுத்த மொழிக்குப் போவது. உணர்ச்சி தொடர்ந்து வரும்; ஆனால் முதல் ஷாட்டின் வெளிச்சத்தைத் திரும்ப அப்படியே கொண்டுவர வேண்டும், செலவு அதிகம். விவரமானவர்கள் தூரத்து ஷாட்டுகளை முதல் வழியிலும், அழுகைக் குளோசப்புகளை இரண்டாவது வழியிலும் எடுப்பார்கள்.

வசனத்தின் நீளம் வேறு உயிரை வாங்கும். உதாரணத்துக்கு ஒரு வரி. தமிழில் ‘எங்கே போகிறாய்?’ தெலுங்கில் ‘எக்கடிகி வெள்துன்னாவு?’ இந்தியில் ‘கஹாம் ஜா ரஹீ ஹோ?’ கதவுக்கும் கட்டிலுக்கும் நடுவே ஐந்து அடி நடந்துகொண்டே பேச வேண்டும் என்றால், மூன்று மொழியிலும் ஐந்தாவது அடியில் வாக்கியம் முடிய வேண்டும். கேமராவைத் தள்ளிக்கொண்டு வருகிற டிராலியும் அங்கேதான் நிற்கும். ஒரு மொழியில் வார்த்தை முன்னால் முடிந்தால் மீதி ஒன்றரை அடியை ஊமையாக நடக்க வேண்டி வரும். வசனகர்த்தாவைக் கூப்பிட்டு ஒரு சொல்லைக் கூட்டச் சொல்வதா, நடையை மாற்றுவதா? இதைச் செட்டிலேயே முடிவு செய்ய அந்த மொழி தெரிந்திருக்க வேண்டும். மூன்றாவது மொழிக்கு வரும்போது தலையில் வைத்த மல்லிகை அனலில் வாடியிருக்கும், முகத்தில் வேர்வை வழியும். டச்-அப் செய்யாமல் எடுத்தால் இந்திச் சண்டிராணி மட்டும் நோயாளி மாதிரி இருப்பார். கழுவப் போகிற ஃபிலிம் டப்பாவில் மொழி எழுத மறந்தால், லேபில் தமிழும் தெலுங்கும் ஒன்றோடொன்று கலந்து, எடிட்டிங் மேசையில் வந்து உட்காரும். அப்புறம் பிரித்துக்கொண்டே இருக்கலாம், தீபாவளி வரைக்கும்.

இந்தப் படம் நடந்துகொண்டிருந்த காலத்தில் இன்னொரு அடி விழுந்தது. இசையமைப்பாளர் சி. ஆர். சுப்பராமன் 1952-இல் காலமாகிவிட்டார். அவர் விட்ட இடத்திலிருந்து எடுத்துச் சென்றவர், அன்று இளைஞராக இருந்த எம். எஸ். விஸ்வநாதன். ‘வான் மீதிலே இன்பத் தேன் மாரி பெய்யுதே’ இன்றும் கேட்கிறோம். பாதியில் கை மாறின படத்துக்கு இசை ஒரே வாசனையாக இருக்கிறதா என்று பார்த்துச் சொல்ல, இயக்குநர் நாற்காலியிலேயே ஒரு பாடகி இருந்தார். வேறொரு கம்பெனியில் இதற்குத் தனியாக ஆள் தேட வேண்டியிருக்கும்.

பணத்துக்கு வருகிறேன். எதிரணித் தலைவர் தொழில், கலை என்று பேசினாரே தவிரப் பணத்தின் பக்கமே வரவில்லை. நான் வருகிறேன், எனக்குக் கூச்சமில்லை. மும்மொழிப் படத்தில் எது பொது, எது மும்மடங்கு என்று பிரித்துப் பார்க்கத் தெரியாவிட்டால் தலையில் துண்டுதான். செட், ஆடை, நகை, குதிரை, ஃப்ளோர் (படப்பிடிப்புக் கூடம்) வாடகையில் ஒரு பகுதி, இதெல்லாம் பொது. நெகட்டிவ், வசனம், பாட்டு எழுதுவது, பாட்டுப் பதிவு, பிரிண்ட், விளம்பரம், இதெல்லாம் மும்மடங்கு. ஒரு பேச்சுக்குக் கணக்கு வைப்போம். முடிந்த படம் 16,000 அடி. எடுத்ததில் நாலில் ஒரு பங்குதான் படத்தில் நிற்கிறது என்றால் மொழிக்கு 64,000 அடி. மூன்று மொழிக்கு 1,92,000 அடி. ஆயிரம் அடி டப்பாவாக 192 டப்பா. அன்று கச்சா ஃபிலிம் வெளிநாட்டுச் சரக்கு. ஆக, ஒரு நடிகை ஒரு டேக்கில் தடுக்குகிறார் என்றால் அது வெறும் தடுக்கல் இல்லை; கணக்குப் புத்தகத்தில் ஒரு வரி. அந்தப் புத்தகத்தையும் பார்க்கிற நடிகை தடுக்குவாரா?

பானுமதியின் கணவர் பி. எஸ். ராமகிருஷ்ணா ராவ் உதவி இயக்குநராக இருந்தபோது அறிமுகமானவர். 1943-இல் திருமணம். எடிட்டிங் தெரிந்தவர், பிறகு பரணி படங்கள் பலவற்றின் இயக்குநர். மகன் பெயர் பரணி. கம்பெனிக்கும் அதே பெயர். சாலிகிராமத்தில் ஸ்டுடியோவுக்கும் அதே பெயர். சொந்த ஸ்டுடியோ இருந்தால் வாடகை வெளியே போகாது. ஆனால் ஃப்ளோர் காலியாகக் கிடந்தாலும் எலக்ட்ரீஷியனுக்கும் தச்சனுக்கும் மாதச் சம்பளம் போகும். (இந்தத் தச்சன் ஒரே மரம் வெட்டுகிறவர்தான், எதிரணி கவலைப்பட வேண்டாம்.) அதனால் சொந்தப் படம் இல்லாத நாளில் வெளிப் படத்துக்கு வாடகைக்கு விட வேண்டும், அதற்கு மற்ற கம்பெனிகளோடு உறவு வேண்டும். தினமும் வெளிப் படங்களில் நடித்துக்கொண்டிருந்த முதலாளியம்மாவுக்கு அந்த உறவைத் தேடிப் போக வேண்டிய தேவை இருக்கவில்லை.

இப்போது ‘மிஸ்ஸம்மா’. ஒளிக்கவே இல்லை, உண்மைதான். விஜயா நிறுவனத்தின் தெலுங்குப் படத்தில் முதலில் பானுமதி ஒப்பந்தமானார், சில ரீல் எடுத்த பிறகு தயாரிப்பாளர் சக்கரபாணியோடு ஒத்துப்போகாமல் விலக நேர்ந்தது. அந்த வேடம் சாவித்திரிக்குப் போய், அவரை எங்கேயோ கொண்டுபோய் வைத்துவிட்டது. சாவித்திரி அம்மா அதற்கு முழுத் தகுதியானவர், அதில் மறுபேச்சு இல்லை. பானுமதிக்கு அது பெரிய இழப்பு என்பதையும் ஒப்புக்கொள்கிறேன். இதைச் சொல்லிவிட்டு எதிரணித் தலைவர் தண்ணீர் குடிக்கப் போய்விட்டார். அதற்கு அடுத்து என்ன நடந்தது என்று சொல்லவில்லையே?

ஒரே தொழில் தெரிந்த நடிகை இப்படி ஒரு பெரிய கம்பெனியோடு முறித்துக்கொண்டால் என்ன ஆகும்? அடுத்த கம்பெனி யோசிக்கும். ‘அந்தம்மா சரிப்படாது’ என்று ஒரு வாக்கியம் கோடம்பாக்கத்தைச் சுற்றிவர ஒரு நாள் போதும். இவருக்கு என்ன ஆயிற்று? 1954-இல் சொந்தக் கம்பெனியில் ‘சக்ரபாணி’ என்று ஒரு நகைச்சுவைப் படம், அதற்கு இசையும் பானுமதியே. அதே ஆண்டு ‘விப்ர நாராயணா’. தமிழில் கோவை பட்சிராஜாவின் ‘மலைக்கள்ளன்’, எம்.ஜி.ஆரோடு. 1955-இல் ‘கள்வனின் காதலி’, சிவாஜியோடு. 1956-ஐக் கேளுங்கள். ஜனவரியில் மாடர்ன் தியேட்டர்ஸ் ‘அலிபாபாவும் 40 திருடர்களும்’, தமிழின் முதல் முழுநீள வண்ணப் படம். ஏப்ரலில் ‘மதுரை வீரன்’, பொம்மி. நவம்பரில் அண்ணாவின் கதையான ‘ரங்கோன் ராதா’. ஒரே ஆண்டில் இத்தனை. ஒரு வாசல் சாத்தினதும் நின்றுபோக, அவர் வீட்டுக்கு ஒரே வாசலா இருந்தது?

சாவித்திரியைப் பற்றிக் கவனமாகப் பேச வேண்டும். அவரைத் தோற்றவராக இந்த மேடையில் நிறுத்த எனக்கு மனமில்லை. ‘பிராப்தம்’ 1971-இல் வந்தது. தயாரிப்பு, இயக்கம், நடிப்பு மூன்றும் அவர். ஓடவில்லை. ஆனால் ஓடாத படத்துக்குக் காரணம் பல தொழில் கற்றது என்று எப்படிச் சொல்ல முடியும்? அப்படியென்றால் ஒரே தொழில் செய்த தயாரிப்பாளர்கள் எடுத்த படமெல்லாம் வெள்ளி விழாக் கொண்டாடியிருக்க வேண்டுமே! வித்தியாசம் இருக்கிற இடம் வேறு. பானுமதி முதலில் நடிகை, அப்புறம் தயாரிப்பாளர், கூடவே இயக்கத்தைக் கணவர் கையில் வைத்துப் பார்த்து, அதன் பிறகே இயக்கம் என்று ஒவ்வொரு படியாக ஏறினார். அதுவும் கதாநாயகி மார்க்கெட் உச்சத்தில் இருந்தபோதே ஏறினார். ஒரு படம் சறுக்கினால் அடுத்த மாதக் கால்ஷீட் பணம் வந்து அடைக்கும். சாவித்திரி அம்மா இயக்கத்துக்கு வந்தது 1968-இல், ‘சின்னாரி பாபலு’ மூலம். கதாநாயகிக் காலம் சாயத் தொடங்கிய நேரம் அது. பிழை என்று ஒன்று இருந்தால் அது காலத்தில். தொழிலின் எண்ணிக்கையில் இல்லை. அகலக் கால் வைக்க வேண்டியவர்கள் இளமையிலேயே வைத்துவிட வேண்டும் என்றுதான் எனக்கு இதில் தெரிகிறது.

சுசீலா அம்மாவுக்குக் கும்பிடு. 17,695 பாட்டு பாடினவரை எதிர்த்து நான் வாய் திறந்தால் இந்த அவை என்னை விடாது. நானே என்னை விடமாட்டேன். ஆனால் ஒரு சின்னச் சந்தேகம். பாடகியின் குரலுக்கு முகம் கிடையாது. நாற்பது வயதிலும் பதினெட்டு வயது நாயகிக்குப் பாடலாம். கதாநாயகிக்கு அது முடியுமா? அவள் முகத்தில் இருபது ஆண்டு கூடுவதை கேமரா ஒளிக்காது. அதனால் ஆழம் மட்டும் போதும் என்கிற சட்டம் பாடகிக்குப் பொருந்தலாம், நடிகைக்குப் பொருந்தாது. அந்த இருபது ஆண்டை பானுமதி எப்படிக் கடந்தார் என்று பாருங்கள். 1962-இல் ‘அன்னை’யில் தாய் ஆகிவிட்டார், 37 வயதிலேயே. நாயகி நாற்காலியை யாரும் பிடுங்கவில்லை. அவரே எழுந்து பக்கத்து நாற்காலிக்குப் போனார். மாமியாரை வைத்து தெலுங்கில் ‘அத்தகாரி கதலு’ என்று சிரிப்புக் கதைகள் எழுதினார், ஆந்திராவில் வீட்டுக்கு வீடு படித்தார்கள். 1982-இல் முழுக்கக் குழந்தைகளையே நடிக்க வைத்து ‘பக்த துருவ மார்க்கண்டேயா’ இயக்கினார். கதாநாயகி முகத்துக்கு வயது உண்டு. எழுதுகிற கைக்கும் இயக்குகிற கண்ணுக்கும் அந்தக் கெடு இல்லை.

தமிழில் இதற்கு முன்னோடியும் உண்டு. முதல் தமிழ்ப் பேசும் படமான 1931 ‘காளிதாஸ்’ நாயகி டி. பி. ராஜலட்சுமி, ஐந்தே ஆண்டில், 1936-இல், தன் கதையைத் தானே தயாரித்து இயக்கி ‘மிஸ் கமலா’ எடுத்தார். அவரைப் பற்றித் தனியாக ஒரு பட்டிமன்றமே வைக்கலாம். நடுவர் கடிகாரத்தைப் பார்ப்பதால் விட்டுவிடுகிறேன்.

ஒன்று சொல்லி முடிக்கிறேன். 1958, ‘நாடோடி மன்னன்’. எம்.ஜி.ஆர். சொந்தமாகத் தயாரித்து முதன்முதலாக இயக்கிய படம். அதில் அவருக்கும் பானுமதிக்கும் ஒத்துவரவில்லை, பானுமதி விலகினார் என்பது ஊரறிந்த செய்தி. பாத்திரத்தைப் பாதியிலேயே சாகடித்துவிட்டார்கள். பிற்பாதியில் சரோஜாதேவி வந்தார். எதிரணிக்கு இது நாலாவது சான்றாகத் தோன்றலாம். எடுத்துக்கொள்ளட்டும். ஆனால் 1985-க்கு வாருங்கள். தமிழக அரசு இசைக் கல்லூரிக்கு முதல்வராக பானுமதி நியமிக்கப்பட்டபோது கோட்டையில் முதலமைச்சர் யார்? அதே எம்.ஜி.ஆர். அவரோடு முறித்துக்கொண்டு போனவர் ஒரு நடிகை. அந்தக் கல்லூரிக்குத் தேவைப்பட்டவர் ஒரு சங்கீதக்காரர். இரண்டும் ஒரே ஆள். ஆனால் ஒன்றில் ஏற்பட்ட பிணக்கு மற்றொன்றைத் தொடவில்லை. 27 ஆண்டு கழித்தும் உள்ளே வரச் சொல்லி ஒரு கதவு திறந்திருந்தது.

மணி அடித்துவிட்டீர்கள் நடுவர் அவர்களே, உட்கார்ந்துவிடுகிறேன். அடுத்துப் பேச வருகிற எதிரணி நண்பருக்கு ஒரே ஒரு கேள்வி. தகட்டை மாற்றி, ஃபிலிமைப் பின்னால் சுற்றி, சம்பாவும் சண்டியும் எதிரெதிரே நிற்கிற அந்த ஷாட்டில் ‘கட்’ சொல்ல வேண்டியது யார்? இடப்பக்கம் நிற்பவரா, வலப்பக்கம் நிற்பவரா? அதைச் சொல்லிவிட்டு அவர் பழமொழியைத் தொடரட்டும். நன்றி, வணக்கம்.